ராகங்களால் ஆன ஆண்டு

கேள்வி: நான் எழுதும் மாயக்கதைக்காக, இசையையும் வானையும் இணைக்கும் நாட்காட்டி ஒன்றை எப்படி அமைக்கலாம்?

பதில்: கர்நாடக இசையின் தாய் ராகங்களை வரிசைப்படுத்தும் மேளகர்த்தா அமைப்பே பாதி வேலையை முடித்து வைத்திருக்கிறது. இந்து முதல் ஆதித்தியம் வரை 12 சக்கரங்கள், ஒவ்வொன்றிலும் 6 ராகங்கள் என மொத்தம் 72 இருப்பதால், சக்கரத்தை மாதமாகவும் ராகத்தை ஐந்து நாள் வாரமாகவும் கொண்டால் 360 நாட்கள் கிடைக்கும். நமது சூரிய ஆண்டில் எஞ்சும் 5 நாட்களை இறுதியில் ஒட்டவைத்துவிடாதீர்கள். 36ஆம் மேளமான (தாய் ராகமான) சலநாட்டைக்கும் 37ஆம் மேளமான சாலகத்துக்கும் நடுவே, ‘ம’ ஸ்வரத்தின் தாழ்ந்த வடிவமான சுத்த மத்தியமம் விலகி, உயர்ந்த வடிவமான பிரதி மத்தியமம் வருகிறது. அந்த வாசலில், வாத்தியங்கள் உறைக்குள் கிடக்க, தம்புராவின் சட்ஜமம் (ஆதார ஸ்வரமான ‘ச’) மட்டும் ஒலிக்கும் நாட்களாக அவற்றை வையுங்கள். இந்த நாட்காட்டியில் எனக்கு மிகவும் பிடித்த இடம் அதுவே.

சந்திரன் இதற்குள் அடங்காது. 12 பிறைச் சுற்றுகளுக்கு ஏறத்தாழ 354 நாட்களே ஆவதால், ஆண்டுதோறும் 11 நாட்கள் விலகும். அதைக் குறையாக எண்ண வேண்டாம். இசையிலும் அப்படித்தான்: சட்ஜமத்திலிருந்து பஞ்சமம் பஞ்சமமாக (‘ச’விலிருந்து ‘ப’ வரையுள்ள தூரமாக) பன்னிரண்டு முறை ஏறினாலும், ஏழு ஸ்தாயிகளுக்கு (ஒரு ‘ச’விலிருந்து அடுத்த ‘ச’ வரையுள்ள எல்லைகளுக்கு) மேலுள்ள சட்ஜமத்தில் சரியாகப் பொருந்தாமல் இம்மியளவு தாண்டித்தான் நிற்கிறோம். 19 ஆண்டுகளில் 235 பிறைச் சுற்றுகள் நிறைந்து சூரியனும் சந்திரனும் ஏறக்குறைய ஒத்துவருகின்றன. உங்கள் உலகில் அந்த ஆண்டில்தான் எல்லா வாத்தியங்களுக்கும் புதிதாகச் சுருதி சேர்க்கட்டும்.