மிதித்து வாங்கிய சத்தம்: போர்டிஸ்ஹெட் பற்றிக் கேளுங்கள்

கேள்வி: அண்ணா, போர்டிஸ்ஹெட் என்று ஓர் இசைக்குழு இருக்கிறதே, அது யாருடைய பெயர்?

பதில்: ஆள் பெயர் இல்லை, ஊர்ப் பெயர். இங்கிலாந்தில் பிரிஸ்டலுக்கு மேற்கே கடலோரச் சிற்றூர். குழுவைத் தொடங்கிய ஜெஃப் பாரோ வளர்ந்த இடம். வேலையில்லாதவர்கள் சொந்தத் தொழில் தொடங்க அரசு நடத்திய பயிற்சி வகுப்பில், 1991இல் அவரும் பாடகி பெத் கிப்பன்ஸும் சந்தித்தார்கள். அப்புறம் ஜாஸ் கிடார் வாசிக்கும் ஏட்ரியன் அட்லி சேர்ந்தார்.

கேள்வி: அவர்களுடைய ‘சவர் டைம்ஸ்’ பாட்டு தொடங்கும்போதே ஏதோ பழைய உளவாளிப் படம் பார்ப்பது போல இருக்கிறதே?

பதில்: காதைப் பாராட்ட வேண்டும். அந்த லூப், அதாவது திரும்பத் திரும்ப வரும் இசைத்துண்டு, இசையமைப்பாளர் லாலோ ஷிஃப்ரினின் ‘டான்யூப் இன்சிடென்ட்’. ‘மிஷன்: இம்பாசிபிள்’ தொலைக்காட்சித் தொடருக்காக அவர் அமைத்த இசை. ‘குளோரி பாக்ஸ்’ பாட்டின் லூப் அமெரிக்கப் பாடகர் ஐசக் ஹேஸிடமிருந்து வந்தது.

கேள்வி: சரி, அப்படியென்றால் அடுத்தவர் பாட்டை வெட்டி ஒட்டியதுதானே? இதில் வாசிப்பு எங்கே?

பதில்: இதைத்தான் எல்லோரும் கேட்கிறார்கள். சாம்பிள் எடுப்பவர்கள், அதாவது பழைய பதிவிலிருந்து ஒரு துண்டை வெட்டிப் புதுப்பாட்டில் சேர்ப்பவர்கள், பழைய இசைத்தட்டைத் தேடி அலைவார்கள். இவர்கள் அதோடு நிற்காமல் தாங்களே வாசித்துப் பதிந்து, அதையே இசைத்தட்டாக அடித்துக்கொண்டார்கள். புதுத் தட்டு பளிச்சென்று ஒலிக்குமே? அதனால் ஸ்டூடியோ தரையில் போட்டு அதன் மேல் நடந்தார்கள், சறுக்குப் பலகை மாதிரி ஏறிச் சறுக்கினார்கள். அந்தக் கீறல் விழுந்த தட்டை டர்ன்டேபிளில் சுழலவிட்டு, சாம்பிளாக எடுத்தார்கள். பழுதான ஆம்ப்ளிஃபயர் வழியாகவும் ஒலியை அனுப்பிப் பதிந்தார்கள். ஆக, கரகரவென்று பொரியும் அந்தப் பழைய சத்தத்துக்குப் பின்னால் பல இடங்களில் இருப்பது அவர்களுடைய வாசிப்பேதான். தட்டைப் பத்திரமாக உறையிலிட்டு வைக்கும் என் போன்றவர்களுக்கு வயிறு கலங்கும், போகட்டும்.

1997இல் வந்த இரண்டாம் ஆல்பத்தில் குறும்பு இன்னும் முற்றியது. ‘வெஸ்டர்ன் ஐஸ்’ பாட்டில் ஒரு பழைய குழுவின் பாடலை எடுத்தாண்டதாக உறையில் போட்டிருக்கும். அப்படியொரு குழுவே கிடையாது!

கேள்வி: மேடையில் என்ன செய்தார்கள் சார்? டேப்பை ஓடவிட்டார்களா?

பதில்: 1997இல் நியூயார்க் ரோஸ்லாண்ட் பால்ரூமில் அவர்கள் வாசித்ததைப் பாருங்கள். வயலின் கூட்டத்தோடு ஒரு முழு ஆர்கெஸ்ட்ரா. நடுவே டர்ன்டேபிளில் பாரோ தட்டைத் தேய்க்கிறார். கிப்பன்ஸ் கையில் சிகரெட்டோடு மைக்கைப் பிடித்துக்கொண்டு பாடுகிறார்.

கேள்வி: எதிலிருந்து தொடங்கலாம்?

பதில்: 1994இல் வந்த முதல் ஆல்பம் ‘டம்மி’. அடுத்த ஆண்டு பிரிட்டனின் மெர்குரி இசைப் பரிசு வாங்கியது. 2008இல் வந்த ‘தேர்ட்’ ஆல்பத்தை உடனே தொடாதீர்கள். ‘மெஷின் கன்’ பாட்டின் டிரம் அடி பெயருக்கேற்றபடி சுடும். ஹெட்ஃபோனில் கேட்டால் முதலில் ஒலியளவைக் குறைத்துக்கொள்ளுங்கள்.