தாமதப் புகாரும் சாட்சிகளின் நம்பகத்தன்மையும்: வாசகர் கேள்விகளுக்குப் பதில்கள்

கேள்வி: நிலத் தகராறில் என் அண்ணனை நான்கு பேர் கட்டையால் அடித்தார்கள். அரசு மருத்துவமனையில் சேர்த்துவிட்டு, மறுநாள் மாலைதான் புகார் கொடுத்தோம். நால்வருக்கும் தண்டனை கிடைத்தது. இப்போது மேல்முறையீட்டில் இந்தத் தாமதத்தையே பெரிதாகப் பேசுகிறார்கள். தண்டனை நிற்குமா, ஐயா?

பதில்: தாமதம் மட்டுமே ஒரு வழக்கைக் கவிழ்த்துவிடாது, விளக்கம் இல்லாத தாமதம் கவிழ்க்கக்கூடும். தமிழ்நாட்டிலிருந்து சென்ற ஒரு கொலை வழக்கில் 1972இல் உச்ச நீதிமன்றம், தாமதமான புகாரில் நடந்ததை மிகைப்படுத்தவும், கலந்து பேசிப் பெயர்களைச் சேர்க்கவும் இடம் ஏற்பட்டுவிடுகிறது என்று எச்சரித்து, தண்டனையை ரத்து செய்தது. எனவே மேல்முறையீட்டு நீதிமன்றம் எத்தனை மணி நேரம் கழிந்தது என்பதோடு நிற்காமல், அந்த இடைவெளியில் கதை மாறியதா என்றுதான் தேடும்.

அதற்கு முதல் நாள் காகிதங்களே கைகொடுக்கும். முதல் தகவல் அறிக்கைப் படிவத்தில் தாமதத்திற்கான காரணத்தை எழுதுவதற்கென்றே ஒரு கலம் இருக்கிறது. நடைமுறையில் அது பெரும்பாலும் வெறுமையாகவோ ‘தாமதம் இல்லை’ என்றோ விடப்படுவது நம் காவல் நிலையங்களின் பழைய வியாதி. அடுத்து, மருத்துவமனையின் விபத்துப் பதிவேட்டு நகலை (ஏ.ஆர். காப்பி) வாங்கிப் பாருங்கள். ‘தெரிந்த நான்கு நபர்கள் கட்டையால் தாக்கியதாக’ என்று மருத்துவர் எழுதியிருந்தால், ஒரு நாள் தாமதம் பெரிய பாதிப்பை உண்டாக்காது. தாக்கியவர்களின் பெயர்கள் அதில் இல்லாததும் குறையாகாது. சிகிச்சை அளிப்பதே மருத்துவரின் முதல் வேலை. ஆனால் ‘இரண்டு நபர்கள்’ என்றோ ‘கீழே விழுந்ததால்’ என்றோ இருந்தால், அதற்கு அரசுத் தரப்பு பதில் சொல்லியே ஆக வேண்டும். மேலும், முதல் தகவல் அறிக்கை எந்தத் தேதியில், எத்தனை மணிக்கு நீதித்துறை நடுவரின் கைக்குச் சேர்ந்தது என்று அவர் குறித்திருப்பதையும் நீதிபதிகள் கவனிப்பார்கள். பதிவுக்கும் அதற்கும் இடையே காரணமில்லாத நீண்ட இடைவெளி இருந்தால், அறிக்கை முன்தேதியிட்டு எழுதப்பட்டதோ என்ற ஐயம் எழும்.

கேள்வி: நான் சம்பவத்தன்றே மனு கொடுத்தேன். மனு பெற்றதற்கான சி.எஸ்.ஆர். ரசீது மட்டும் தந்துவிட்டு, மூன்று வாரம் கழித்துத்தான் எஃப்.ஐ.ஆர். போட்டார்கள். இது என் தாமதமா?

பதில்: இல்லை, பதிவு செய்வதில் காவல் துறை காட்டிய தாமதத்தைப் புகார்தாரரின் தலையில் கட்ட முடியாது. பிடியாணை இல்லாமலே கைது செய்வதற்குரிய குற்றம் நடந்ததாகத் தகவல் வந்தால் வழக்குப் பதிவு கட்டாயம் என்று உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு 2013இல் தெளிவாகச் சொல்லிவிட்டது. 2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா (புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்), மூன்று ஆண்டு முதல் ஏழு ஆண்டுக்குள் தண்டனை உள்ள குற்றங்களில் மட்டும், துணைக் கண்காணிப்பாளரின் முன் அனுமதியோடு, 14 நாட்களுக்குள் முடிய வேண்டிய பூர்வாங்க விசாரணைக்கு இடம் தருகிறது. அந்த ரசீதும் முதல் மனுவின் நகலும்தான் உங்கள் கவசம். நீதிமன்ற விசாரணையின்போதே அவற்றைச் சான்றாவணமாகக் குறியீடு செய்ய வையுங்கள். மேல்முறையீட்டில் கூடுதல் சாட்சியம் சேர்க்க வழி உண்டு என்றாலும், அது எளிதில் திறக்கும் கதவல்ல.

கேள்வி: சாட்சிகள் அனைவரும் இறந்தவரின் உறவினர்கள். அவர்களை நம்பித் தண்டிக்கலாமா?

பதில்: தண்டிக்கலாம். நெருங்கிய உறவினர் உண்மைக் குற்றவாளியைத் தப்பவிட்டு நிரபராதியை மாட்டிவிட எளிதில் முனையமாட்டார் என்பது 1953 முதல் உச்ச நீதிமன்றம் சொல்லிவரும் கருத்து. ஆனால் அதே தீர்ப்பு, முன்பகை இருந்தால் குற்றவாளியோடு சேர்த்துப் பிடிக்காதவரையும் இழுத்துவிடும் போக்கு உண்டு என்றும் சொல்கிறது. இந்தப் பின்பாதியைப் பலர் மேற்கோள் காட்டுவதே இல்லை. பகை உள்ள வழக்குகளில் ஒவ்வொரு எதிரியின் (குற்றம் சாட்டப்பட்டவரின்) பங்கையும் தனித்தனியே சலித்துப் பார்ப்பார்கள். எனவே சிலருக்குத் தண்டனையும் மற்றவர்களுக்கு விடுதலையும் கிடைப்பதில் வியப்பில்லை. ஒரு பகுதி பொய்யானால் முழுச் சாட்சியமும் பொய் என்ற விதியை நம் நீதிமன்றங்கள் ஏற்பதில்லை.

கேள்வி: போலீசில் சொன்னதற்கும் கோர்ட்டில் சொன்னதற்கும் வித்தியாசம் இருந்தால் சாட்சி பொய் சொல்கிறார் என்றுதானே பொருள்?

பதில்: அப்படி இல்லை. போலீசார் பதிவு செய்யும் வாக்குமூலத்தில் சாட்சி கையெழுத்திடுவதில்லை. எதிரித் தரப்பு அதை முரண்பாட்டைக் காட்ட மட்டுமே பயன்படுத்தலாம். அதுவும் முறைப்படி நடக்க வேண்டும். குறுக்கு விசாரணையில் அந்தக் குறிப்பிட்ட பகுதியைச் சாட்சியிடம் காட்டிக் கேட்க வேண்டும். அவர் மறுத்தால், புலன்விசாரணை அதிகாரி வழியாக அதை மெய்ப்பிக்க வேண்டும். இந்த இரண்டாவது படியைத் தவறவிட்டுவிட்டு மேல்முறையீட்டில் முரண்பாட்டைப் பற்றிப் பக்கம் பக்கமாக வாதிடுவோர் உண்டு; பயன் இராது. முறைப்படி மெய்ப்பித்த பிறகும், அடித்த நேரம் ஏழரையா எட்டா என்பது போன்ற வேறுபாட்டை நீதிமன்றம் பொருட்படுத்தாது. அரிவாளால் வெட்டியவர் யார் என்பதே முதல் வாக்குமூலத்தில் இல்லாமல் கூண்டில்தான் முதன்முறையாக வந்தால், முதலில் சொல்லாமல் விட்டதே முரண்பாடாகிவிடும்.

கேள்வி: ஒரே ஒரு சாட்சி போதுமா?

பதில்: போதும். இத்தனை சாட்சிகள் வேண்டும் என்று சட்டம் எண்ணிக்கை எதையும் வைக்கவில்லை. முழுக்க நம்பத்தக்கவர் என்றால் ஒருவரே போதும்; நம்பவும் முடியாமல் தள்ளவும் முடியாமல் இடைநிலையில் நிற்பவர் என்றால், வேறு ஆதாரம் துணை நிற்க வேண்டும் என்பது 1957ஆம் ஆண்டுத் தீர்ப்பு.

கேள்வி: எதிரியை விடுதலை செய்துவிட்டார்கள். பாதிக்கப்பட்ட நான் மேல்முறையீடு செய்யலாமா?

பதில்: செய்யலாம், 2009 டிசம்பர் 31 முதல் பாதிக்கப்பட்டவருக்கு அந்த உரிமை இருக்கிறது, புதிய சட்டத்திலும் அது தொடர்கிறது. விடுதலை, குறைந்த குற்றத்திற்கு மட்டும் தண்டனை, போதாத இழப்பீடு ஆகிய மூன்றுக்கும் எதிராகச் செல்லலாம். தண்டனைக் காலம் குறைவு என்பதற்காக மட்டும் செல்ல இந்த உரிமை இடம் தரவில்லை. மேல்முறையீட்டு நீதிமன்றம் சாட்சியங்களை முழுமையாக மறுஆய்வு செய்யும். ஆனால் விடுதலையால் எதிரி நிரபராதி என்ற சட்ட அனுமானம் மேலும் வலுப்பெற்றிருக்கிறது. சாட்சிகளை நேரில் பார்த்தவரும் கீழமை நீதிபதிதான். இரண்டு முடிவுகளுக்கு இடம் இருந்தால், விடுதலையில் தலையிட மாட்டார்கள். எனவே ‘என் சாட்சிகளை நம்பியிருக்க வேண்டும்’ என்று மனுவில் எழுதுவதால் பயனில்லை. எந்த ஆவணத்தைக் கீழமை நீதிமன்றம் பார்க்கத் தவறியது, எந்தச் சாட்சியத்தைத் தவறாகப் படித்தது என்பதைப் பக்க எண்ணோடு எடுத்துக்காட்டுங்கள்.