உருவம் வரைந்தவர்கள் எல்லாம் மார்க்கத்தை மீறியவர்களா?

கேள்வி: சென்ற இதழில் முகலாய ஓவியங்களைப் பற்றிய கட்டுரைக்கு ‘இஸ்லாமியக் கலை’ என்று தலைப்பு வைத்திருந்தீர்கள். இஸ்லாத்தில் மனித உருவம் வரைவதே ஹராம் (விலக்கப்பட்டது). மார்க்கத்தை மதிக்காத மன்னர்கள் பொழுதுபோக்குக்காக வரையச் சொன்னதையெல்லாம் இஸ்லாத்தின் தலையில் கட்டுவது நியாயமா?
– ஒரு வாசகர், மேலப்பாளையம்

பதில்: நீங்கள் சொல்வதில் பாதி சரி. அதை முதலில் ஒப்புக்கொண்டுவிடுகிறேன். குர்ஆன் சிலை வணக்கத்தைக் கண்டிக்கிறது. படம் வரையாதே என்று நேரடியாகச் சொல்லும் வசனம் அதில் இல்லை. நபிகளின் சொல்லையும் செயலையும் பதிவு செய்த ஹதீஸ்களில் இருக்கிறது, கடுமையாகவே இருக்கிறது. உருவத்தைப் படைத்தவனிடம் மறுமையில் ‘இதற்கு உயிர் கொடு’ என்று கேட்கப்படும், உருவப்படம் உள்ள வீட்டுக்குள் வானவர்கள் நுழைய மாட்டார்கள் என்று புகாரி, முஸ்லிம் என்ற இரு ஹதீஸ் தொகுப்புகளிலும் வருகிறது. 13ஆம் நூற்றாண்டில் டமாஸ்கஸில் வாழ்ந்த இமாம் நவவி, உயிருள்ளவற்றை வரைவது பெரும்பாவம் என்றே தீர்ப்புச் சொன்னார். இதை நம்பி வீட்டில் ஒரு படம்கூட மாட்டாதவர்களோடு எனக்கு எந்த வழக்கும் இல்லை.

ஆனால் அதே ஹதீஸ் தொகுப்புகளில் நபிகளின் மனைவி ஆயிஷா அவர்களின் திரைச்சீலைச் செய்தியும் இருக்கிறது. உருவங்கள் போட்ட திரை தொங்குவதைப் பார்த்து நபிகள் (ஸல்) வெறுப்புக் காட்டினார்கள். அந்தத் துணி கிழிக்கப்பட்டுத் தலையணை ஆனது. தொங்கவிட்டால் கூடாது, சாய்ந்துகொள்ளும் தலையணையிலோ மிதிபடும் விரிப்பிலோ இருந்தால் பாதகமில்லை என்று இதிலிருந்து சட்டம் எடுத்த அறிஞர்கள் உண்டு. படம் வரைந்துதான் பிழைக்கிறேன் என்று வந்து கேட்டவரிடம் நபித்தோழர் இப்னு அப்பாஸ், மரத்தை வரைந்துகொள், உயிரில்லாததை வரைந்துகொள் என்றார். ஆக, உருவம் எங்கே இருக்கிறது, எதற்காக இருக்கிறது என்ற கேள்விகளை அந்தக் காலத்து அறிஞர்களே கேட்டார்கள். ஒற்றைச் சொல்லில் ‘ஹராம்’ என்று முடித்துவிட்டு நீங்கள் தாண்டிப் போவது இந்த நீண்ட விவாதத்தைத்தான்.

கலைஞர்களும் அந்த வேறுபாட்டை அறிந்தேதான் வேலை செய்தார்கள். உமையா அரச வம்சம் கட்டி 715இல் முடித்த டமாஸ்கஸ் பெரிய பள்ளிவாசலின் சுவரில் மொசைக்கால் ஆறு ஓடுகிறது, மாளிகைகள் நிற்கின்றன, மரங்கள் தழைக்கின்றன. மனிதர் ஒருவர்கூட இல்லை. அதே உமையா வம்சம் அடுத்த முப்பது ஆண்டுக்குள் ஜோர்டான் பாலைவனத்தில் கட்டிய குசைர் அம்ரா குளியல் மாளிகைக்குப் போங்கள். சுவரெங்கும் ஆட்கள்: குளிக்கும் பெண்கள், வேட்டைக்காரர்கள், கல்லுடைக்கும் தச்சுவேலை செய்யும் தொழிலாளர்கள். இசைக்கருவி மீட்டும் கரடிகூட இருக்கிறது. ஃபதேபூர் சிக்ரியிலும் இதே கதைதான். அக்பரின் உறங்கும் மாளிகைச் சுவரில் மனித உருவங்கள் தீட்டியிருந்தார்கள். சற்றுத் தள்ளியிருக்கும் ஜும்ஆ பள்ளியில் எழுத்தும் பூவும் வடிவக்கோலமும் மட்டும். தொழுகைக்கு முன்னால் உருவம் வரக் கூடாது என்பதில் அக்பர் காலத்தில்கூடக் குழப்பம் இல்லை.

மன்னர்களின் பொழுதுபோக்கு என்கிறீர்களே, அதற்காக ஒரு சுவடியைச் சொல்கிறேன். ஈராக்கைச் சேர்ந்த யஹ்யா அல்வாசித்தி 1237இல் தம் கையாலேயே எழுதி, தாமே படமும் வரைந்து முடித்த ‘மகாமாத்’. ஹரீரி என்பவர் எழுதிய அரபுக் கதைகள் அவை. சொல்வன்மையாலேயே பிழைக்கும் ஊர்சுற்றி ஒருவன்தான் நாயகன். இந்தக் கதைகளைப் படித்து ரசித்தவர்கள் வணிகர்கள், அதிகாரிகள், மதரசாவில் படித்தவர்கள். படங்களில் அரண்மனையைவிடச் சந்தையும் சத்திரமும் நூலகமும் பள்ளிவாசலும்தான் அதிகம். ஒரு பக்கத்தில் ஒரு கிராமம். முன்னால் ஒட்டகத்தில் வந்த இருவர் ஊர்க்காரர் ஒருவரிடம் பேச்சுக் கொடுக்கிறார்கள். பின்னால் குளத்தங்கரையில் ஆடுகள், கூரைமேல் கோழி, ஓரத்தில் தக்களியில் நூல் நூற்கும் பெண், இதற்கெல்லாம் மேலே பள்ளியின் குவிமாடமும் மினாராவும். இன்னொரு பக்கத்தில் பிரசவம். நடுவில் வலியில் இருக்கும் பெண்ணைத் தோழியர் தாங்கிப் பிடித்திருக்கிறார்கள். மாடியில் கணவன் கவலையோடு உட்கார்ந்திருக்க, பக்கத்தில் நட்சத்திரக் கருவியோடு ஒருவர் இருக்கிறார். பெருநாள் ஊர்வலத்துக்குக் கொடிகளும் எக்காளமுமாகக் குதிரைவீரர்கள் அணிவகுத்து நிற்கும் படமும் இதிலேதான் இருக்கிறது. ரமலான் முடிந்த மகிழ்ச்சியை இத்தனை ஆசையோடு வரைந்தவரை மார்க்கத்தை மதிக்காதவர் என்று எப்படி ஐயா சொல்வது?

எதிர்ப்பே இல்லை என்று நான் சொல்ல வரவில்லை. இதே நூலின் வேறு சில சுவடிகளில், பின்னால் வந்த யாரோ ஒவ்வோர் உருவத்தின் கழுத்திலும் கோடு இழுத்துவைத்திருக்கிறார்கள். தலை துண்டிக்கப்பட்டால் அது உயிர் உருவம் அல்ல என்ற தீர்ப்பை நம்பியவர்களின் வேலை. சுவடியைக் கொளுத்தவில்லை, பக்கத்தைக் கிழிக்கவில்லை. கோடு போட்டுவிட்டுப் படிக்க வைத்துக்கொண்டார்கள். வரைந்தவரும் முஸ்லிம், கோடு போட்டவரும் முஸ்லிம். இதில் ஒருவரை மட்டும் கணக்கில் எடுத்துக்கொள்ள நம்மிடம் என்ன உரிமை இருக்கிறது?

சரி, முகலாயர்களுக்கு வருவோம். அக்பர் ஹதீஸை அறியாதவர் அல்லர். ஓவியத்தை வெறுப்பவர்களுக்கு அவர் சொன்ன பதிலை அவருடைய அவை வரலாற்றாசிரியர் அபுல் ஃபஸல் எழுதிவைத்திருக்கிறார்: உயிருள்ள ஒன்றை ஒவ்வோர் உறுப்பாக வரைந்து வரும் ஓவியனுக்கு, தன்னால் அதற்கு உயிர் தர முடியாது என்பது புரிந்தே தீரும், அப்போது உயிர் தந்த இறைவனை அவன் நினைத்துத்தான் ஆக வேண்டும். ‘உயிர் கொடு’ என்ற அதே ஹதீஸின் கருத்தை எடுத்து அதற்குள்ளிருந்தே வாதாடுகிறார். நீங்கள் இந்த வாதத்தை ஏற்க வேண்டியதில்லை. ஆனால் மார்க்கத்தைக் கழற்றி வைத்துவிட்டு வந்தவர் பேசும் பேச்சா இது?

அடுத்து ஜஹாங்கீர். 1618இல் அபினாலும் மதுவாலும் உருக்குலைந்துபோன இனாயத் கான் என்ற அதிகாரி அவர் முன்னால் கொண்டுவரப்பட்டார். எலும்பின்மேல் தோல் போர்த்தியதுபோல் இருந்தவரைக் கண்டு திகைத்து, வரையச் சொன்னார் ஜஹாங்கீர். அடுத்த நாளே இனாயத் கான் இறந்துபோனார். அன்றைய கோட்டோவியம் இப்போது பாஸ்டனில், வண்ண ஓவியம் ஆக்ஸ்ஃபோர்டில். திறந்த மார்பில் விலா எலும்புகளை எண்ணலாம். பெரிய திண்டில் சாய்ந்திருக்கிறார், பார்வை எங்கோ போய்விட்டது. சாகும் மனிதனைக் கூச்சமில்லாமல் பார்த்தாரே என்று ஜஹாங்கீர்மேல் நீங்கள் வருத்தப்படலாம். இதைப் பொழுதுபோக்கு என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

இன்னொன்று. இந்த ஓவியக் கூடங்களில் பாசவன், கோவர்த்தன் என்று இந்துக்கள் பலர் இருந்தார்கள். பல்லக்குத் தூக்கியின் மகனான தஸ்வந்தைக் கண்டெடுத்து, ஈரானிலிருந்து வந்த குவாஜா அப்துஸ் ஸமதிடம் பயிற்சிக்கு விட்டவர் அக்பர். இஸ்லாமிய உலகத்து அரசவை, பாரசீகச் சுவடி மரபு, பல மதத்து விரல்கள் – எல்லாம் கலந்த இதைத்தான் ‘இஸ்லாமியக் கலை’ என்றோம். தொழுகைக்கான கலை என்று எங்கேயும் எழுதவில்லை.

நபிகளின் உருவம் தனி விஷயம். 14ஆம் நூற்றாண்டில், ஈரானின் தப்ரீஸ் நகரில், ரஷீதுத்தீனின் வரலாற்று நூலில் அவர்களை முகத்தோடு வரைந்தார்கள், பக்தியோடுதான் வரைந்தார்கள். 1595 வாக்கில் உஸ்மானிய சுல்தான் மூன்றாம் முராதுக்காக முடிந்த நபி வரலாற்றில் முகத்தை வெண்திரை மூடிவிட்டது. இன்று சுன்னி முஸ்லிம்களில் மிகப் பெரும்பாலோர் எந்த வடிவிலும் ஏற்பதில்லை. அந்த மனம் புண்படும்படி இந்தப் பத்திரிகை எந்தப் படத்தையும் அச்சிடாது. அதற்காக அப்படிப் படமே இருந்ததில்லை என்று எழுதச் சொன்னால், மாட்டேன். அமெரிக்காவில் ஹாம்லைன் பல்கலைக்கழகத்தில் 2022இல் ஓர் ஆசிரியை முன்கூட்டியே எச்சரித்துவிட்டு இந்தத் தப்ரீஸ் படத்தை வகுப்பில் காட்டினார். ஒரு மாணவி புகார் செய்ய, ஆசிரியைக்கு அடுத்த பருவத்துக்கு வேலை கிடைக்கவில்லை. அவருக்காகக் குரல் கொடுத்தவர்களில் அங்குள்ள முஸ்லிம் அமைப்பொன்றும் இருந்தது. அந்தப் படம் முஸ்லிம்களின் பாரம்பரியத்தில் ஒரு பகுதி என்றே அவர்கள் சொன்னார்கள்.

அல்வாசித்தியின் சுவடி பாரீசில் பிரான்ஸ் தேசிய நூலகத்தில் இருக்கிறது. அரபுச் சுவடி எண் 5847. முழுவதையும் இணையத்தில் இலவசமாக வைத்திருக்கிறார்கள். முதலில் அந்தக் கிராமப் பக்கத்தைப் பாருங்கள், அப்புறம் பெருநாள் ஊர்வலம். பார்த்துவிட்டு மறுபடியும் எழுதுங்கள், கட்டாயம் வெளியிடுகிறேன்.