தாமதமானால் தூக்கு ஏன் ஆயுளாகிறது?

கருணை மனு வருடக்கணக்கில் கிடந்ததற்காகத் தூக்கை ஆயுளாகக் குறைத்தால், செய்த கொலையின் கனம் குறைந்துவிடுமா என்று கேட்கிறீர்கள்.

குறையாது. நீதிமன்றமும் அப்படிச் சொல்லவில்லை. ராஜீவ் காந்தி கொலை வழக்கில் மூவரின் கருணை மனுக்கள் 2000-இல் குடியரசுத் தலைவருக்குப் போயின. நிராகரிக்கப்பட்டது 2011-இல். 2014 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் தண்டனையைக் குறைத்தபோது எடை போட்டது குற்றத்தை அல்ல, அந்தப் பதினோரு வருடங்களை.

கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். விடிகாலையில் வராந்தாவில் பூட்ஸ் சத்தம். வருவது டீயா, உத்தரவா? தெரியாது. இப்படி ஏறக்குறைய நாலாயிரம் காலைகள். எந்தத் தீர்ப்பிலும் எழுதப்படாத தண்டனை இது.

'செய்ததற்கு ஏற்ற தண்டனை' என்ற கொள்கையில் கறாரானவர் ஜெர்மானிய தத்துவவாதி காண்ட். ஒரு தீவின் மக்கள் கலைந்து போவதாக இருந்தாலும், சிறையில் மிஞ்சிய கடைசிக் கொலைகாரனைக் கொன்றுவிட்டுத்தான் போக வேண்டும் என்றார். ஆனால் அதே கணக்குதான் இங்கே இடிக்கிறது. அளவுக்குக் குறைவாகத் தருவது தவறென்றால், கூடுதலாகத் தருவதும் தவறுதானே? தூக்கோடு பதினோரு வருட மரண பயமும் சேர்ந்தால் அது கூடுதல்.

சரி, மற்றவர்கள் பயப்படுவார்களே என்ற வாதம்? இத்தனை வருடம் கழித்துப் போடும் தூக்கு யாரை மிரட்டும்? எனக்கு அது எடுபடவில்லை.

என்னை உறுத்துவது வேறு. பறிகொடுத்த குடும்பமும் அதே பதினோரு வருடம் காத்திருந்தது. அந்தத் தாமதத்துக்கு எந்தச் சட்டத்திலும் பரிகாரம் இல்லை.