இரணைமடுவில் எடுக்கும் பரீட்சார்த்தப் படம் ஏன் திரும்பத் திரும்பச் சறுக்குகிறது?

கிளிநொச்சியிலுள்ள இரணைமடுக் குளக்கட்டில் ஒரே இடத்தில் கமராவை வைத்து, மாரித் தண்ணீர் கோடையில் வற்றும்வரை நாள்தோறும் படமெடுக்கிறீர்கள். படங்களைத் தொடுத்து ஓட்டிப் பார்த்தால் வெளிச்சம் கூடிக் குறைந்து துடிக்கிறது, இப்படி நாள்தோறும் எடுப்பது வெறியா என்கிறீர்கள்.

வெறிதான், இருக்கட்டும். துடிப்புக்குக் காரணம் வேறு: தானியங்கி நிலையில் கமரா ஒவ்வொரு படத்துக்கும் வெளிச்சத்தைப் புதிதாகக் கணிக்கும், ஒரு மேகம் போனாலே அளவு மாறிவிடும். துளை (லென்ஸ் திறக்கும் அளவு), ஷட்டர் (ஒளி விழும் நேரம்), ஐஎஸ்ஓ (ஒளியுணர்திறன்), வெள்ளைச் சமநிலை (நிறச் சீர்) நான்கையும் கையால் பூட்டுங்கள், வெயில் நன்றாக ஏறிய ஒரே நேரத்தில் எடுங்கள். அப்புறம் எதையாவது மாற்றவேண்டி வந்தால், ஒரு தடவைக்கு ஒன்றை மட்டும் மாற்றுங்கள். இல்லாவிட்டால் எது கெடுத்தது என்றே தெரியாது.

பழுதான துண்டுகளை அழிக்கவேண்டாம். படச்சுருளுக்குப் பணமில்லாத அமெரிக்கப் பரீட்சார்த்தப் பட இயக்குநர் ஸ்டான் பிராக்கேஜ், 1963இல் அந்துப்பூச்சி இறகுகளை ஒட்டுநாடாவில் பதித்து, கமராவே இல்லாமல் ஒரு படம் செய்தார். உங்கள் துடிப்பும் ஒரு படமாகலாம்.