பார்பரா ஃபோலியை எங்கிருந்து தொடங்கலாம்? கேள்வி பதில்

அமெரிக்க நாவல்களை வர்க்கம், நிறவெறி என்ற கோணத்தில் ஆராய்ந்த ரட்கர்ஸ் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்த பார்பரா ஃபோலியின் நூல்கள் பற்றி வந்த கேள்விகள் இவை.

சார், நான் எம்.ஏ. மாணவி. முதலில் எதைப் படிக்கலாம்?

2010-இல் வந்த ‘ரெஸ்லிங் வித் த லெஃப்ட்’. அதற்கு முன், அது அலசும் நாவலான, கறுப்பின எழுத்தாளர் ரால்ஃப் எலிசனின் ‘இன்விசிபிள் மேன்’ (1952) படித்திருக்க வேண்டும். அந்த நாவலில் வரும் ‘பிரதர்ஹுட்’ இயக்கம் கறுப்பின மக்களைக் கறிவேப்பிலையாகப் பயன்படுத்திவிட்டு ஒதுக்கிவிடும். கம்யூனிஸ்டுகளைத்தான் சொல்கிறார் என்று பனிப்போர்க் கால வாசகர்களுக்குப் புரிந்தது, பிடித்தும் போனது. ஃபோலி எலிசனின் பழைய வரைவுகளைத் தோண்டிப் பார்க்கிறார். அவற்றில் இடதுசாரிகள் இவ்வளவு மோசமாக இல்லை. லீராய் என்றொரு கறுப்பினக் கப்பல் தொழிலாளி வருகிறான்; அவனுடைய நாட்குறிப்பைக் கதாநாயகன் படிக்கிறான். அச்சான நாவலில் லீராயே இல்லை! 1930களின் இறுதியில் ‘நியூ மாஸஸ்’ என்ற இடதுசாரிப் பத்திரிகையில் எழுதியவர் எலிசன் என்பதையும் சேர்த்துப் பாருங்கள்.

எழுத்தாளர் வெட்டிப் போட்டதை வைத்து அவர்மேல் வழக்குப் போடுவது நியாயமா?

நியாயமான சந்தேகம்தான். சில பக்கங்கள் இழுவையாக இருந்ததால் மட்டுமே போயிருக்கலாம். ஃபோலி அதற்குப் போதிய இடம் கொடுக்கவில்லை என்பது என் குறை. ஆனால் வெட்டுகள் திரும்பத் திரும்ப ஒரே பக்கம் சாயும்போது, தற்செயல் என்று சொல்லித் தப்ப முடியாது.

1930களின் பாட்டாளி நாவல்கள் கம்யூனிஸ்ட் கட்சி சொல்லி எழுதிய பிரசாரம்தானே?

அப்படித்தான் ரொம்ப நாள் சொல்லிவந்தார்கள். ஃபோலியின் ‘ராடிகல் ரெப்ரசென்டேஷன்ஸ்’ (1993) அதை மறுக்கிறது. கட்சி விமர்சகர்களே தங்களுக்குள் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள், ஒரே உத்தரவு என்று எதுவும் இல்லை என்று காட்டுகிறார். சிக்கல் வேறிடத்தில்: தனிமனிதன் வளர்ந்து ஆளாகும் கதைக்குப் பழகிய வடிவத்தில் ஒரு கூட்டத்தின் போராட்டத்தை எப்படி அடக்குவது? 1929-இல் வட கரோலினாவின் கேஸ்டோனியாவில் நடந்த பஞ்சாலை வேலைநிறுத்தத்தைப் பற்றி மேரி ஹீட்டன் வோர்ஸ், கிரேஸ் லம்ப்கின், மைரா பேஜ் எனப் பலர் நாவல் எழுதினார்கள். இரண்டை அடுத்தடுத்துப் படித்தாலே வித்தியாசம் தெரியும்.

ஜீன் டூமர் பற்றிய புத்தகம்?

2014-இல் வந்தது. டூமர் எழுதிய ‘கேன்’ என்ற நூல் உங்களுக்குப் பிடித்திருந்தால் மட்டும் படியுங்கள்.

ஃபோலி எழுத்தோடு நின்றவரா?

இல்லை. 1985-இல் நார்த்வெஸ்டர்ன் பல்கலைக்கழகத்தில் நிகராகுவாவின் இடதுசாரி அரசை எதிர்த்துப் போரிட்ட கான்ட்ரா படைகளின் தலைவர் ஒருவர் பேச வந்ததை எதிர்த்த போராட்டத்தில் இறங்கினார். பிறகு அங்கே அவருக்கு நிரந்தரப் பணி மறுக்கப்பட்டது. அப்புறம்தான் ரட்கர்ஸின் நுவர்க் வளாகம்.

கோட்பாடு என்றாலே பயமாக இருக்கிறது, சார்.

அப்படியானால் ‘மார்க்சிஸ்ட் லிட்டரரி கிரிட்டிசிசம் டுடே’ (2019). மாணவர்களை மனதில் வைத்து எழுதியது. முதல் பகுதி கடினமாக இருந்தால், கதை, கவிதைகளை எடுத்து அலசும் பிற்பகுதிக்குப் போய்விட்டுத் திரும்பி வாருங்கள்.