கணவர் லடாக்கில், ஓடிபியும் அங்கேயே: ஏற்காட்டுக் குடும்பம் என்ன செய்யலாம்?

கேள்வி: என் கணவர் ராணுவத்தில் ஹவில்தார். லடாக் சென்று எட்டு மாதங்கள் ஆகின்றன. இன்னும் ஓராண்டுக்கு மேல் அங்கேதான் பணி. நான் மாமியாருடனும் 6 வயது மகளுடனும் ஏற்காட்டில் வசிக்கிறேன். சம்பளம் அவர் கணக்கில் விழுகிறது. அவருக்குப் பல நாட்கள் சிக்னல் கிடைப்பதில்லை. சென்ற மாதம் மாமியாரைச் சேலத்தில் மருத்துவமனையில் சேர்க்க என் வளையல்களை அடகு வைத்தேன். மகளுக்குச் செல்வமகள் சேமிப்புத் திட்டத்தில் மாதம் 5,000 ரூபாய் கட்டலாம் என்கிறார் கணவர். கட்டலாமா?

பதில்: கட்டலாம், ஆனால் இப்போதே 5,000 வேண்டாம். வங்கியில் சம்பளப் பணம் இருந்தும் வளையலைக் கழற்ற வேண்டி வந்ததே, அதைத்தான் முதலில் சரிசெய்ய வேண்டும். இருபது கொண்டை ஊசி வளைவுகள் இறங்கித்தான் பெரிய மருத்துவமனைக்குப் போக வேண்டும் என்ற நிலையில், உங்கள் கைக்கு உடனே எட்டும் பணம் எந்த முதலீட்டையும் விட அவசியமானது.

உங்கள் பெயரில், உங்கள் கைப்பேசி எண்ணுடன் ஒரு சேமிப்புக் கணக்கு இருக்கட்டும். சம்பளம் வந்த மறுநாளே குடும்பச் செலவுத் தொகை மாதந்தோறும் தானாக அதற்கு மாறும்படி, சிக்னல் கிடைக்கும் ஒரு நாளில் உங்கள் கணவர் நிலையான உத்தரவு ஒன்றைப் பதிந்துவிட்டால், பிறகு ஓடிபிக்காக நீங்கள் காத்திருக்க வேண்டியதில்லை. அவர் பேசக் கிடைக்கும் பத்து நிமிடம் மகளுக்கு உரியது. அது வங்கி எண்களில் கரைவது எனக்கு வருத்தமளிக்கிறது. அவருடைய ஏடிஎம் அட்டையை மட்டும் நம்பியிருக்காதீர்கள். அது முடங்கினால் மாற்று அட்டை பெற அவரே முயல வேண்டியிருக்கும்.

அடுத்து நகைக்கடன். அதற்கு நீங்கள் கட்டும் வட்டி, அஞ்சலகத்திலோ வங்கியிலோ தொடர் வைப்புக்குக் கிடைக்கும் வட்டியை விட அதிகம் என்பதால், அதை அடைப்பதே இப்போதைக்குச் சிறந்த சேமிப்பு. பின்னர் மூன்று மாதச் செலவுக்கான தொகையை உங்கள் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள்.

செல்வமகள் கணக்கை மகளுக்கு 10 வயது ஆகும் முன் தொடங்க வேண்டும்; தாயான நீங்களே அஞ்சலகத்தில் தொடங்கலாம். ஆண்டுக்குக் குறைந்தது 250 ரூபாய், அதிகபட்சம் 1.5 லட்சம் என்பதால் சிறு தொகையில் ஆரம்பித்து, கடன் தீர்ந்தபின் கூட்டிக்கொள்ளுங்கள். மகள் 18 வயதை எட்டும் வரை அல்லது பத்தாம் வகுப்பு முடிக்கும் வரை படிப்புக்காகக்கூட அதிலிருந்து எடுக்க முடியாது என்பதையும் நினைவில் வையுங்கள்.

கணவர் விடுப்பில் வரும்போது இருவருமாக வங்கிக்குச் சென்று அவர் கணக்கில் உங்கள் பெயரையும் சேர்க்க விண்ணப்பியுங்கள். திருமணமும் மகளின் பிறப்பும் பார்ட் டூ ஆர்டரில் (வீரரின் குடும்ப விவரங்களைப் பதியும் ராணுவ ஆவணம்) பதிவாகியுள்ளனவா, சேமநல நிதியிலும் குழுக் காப்பீட்டிலும் நியமனதாரராக யார் பெயர் இருக்கிறது என்பதை அவர் தம் அலுவலகத்தில் பார்க்கட்டும். மணமாகாத வயதில் படையில் சேர்ந்த பலருக்கு அங்கே இன்னும் தாயின் பெயர் மட்டுமே இருக்கும். மாமியாரின் பராமரிப்புக்கும் ஒரு பங்கு ஒதுக்கி, அவரிடம் மறைக்காமல் சொல்லிவிட்டே நியமனதாரர் பெயரை மாற்றுங்கள்.